முழங்காலுக்கு நான் எழுதிய நோய்

புதிதாக வந்திருக்கும் பிள்ளைகளுக்கு ஏதாவது எழுதித் தாருங்கள் என்று வைத்தியசாலைக் குறியீட்டுப் பிரிவிலிருந்து மூன்று தடவை தொலைபேசி எடுத்துவிட்டீர்கள். நான்காவது தடவையும் எடுப்பீர்கள் என்ற பயத்தில்தான் இப்போது உட்கார்ந்திருக்கிறேன். வெள்ளவத்தையில் நாங்கள் இருக்கும் கட்டடத்தில் லிஃப்ட் வேலை செய்யாமல் பத்து நாளாகிறது. வீடு நாலாம் மாடியில். கீழே இறங்கினால் திரும்ப ஏற வேண்டுமே என்று நினைக்கும்போதே களைத்துப் போகிறது. அதனால் வேறு சாட்டுச் சொல்லவும் வழியில்லை.

குறியீட்டுப் புத்தகத்தை எப்படிப் பார்ப்பது, எந்த எழுத்து எந்த நோய்க்கு என்பதையெல்லாம் நான் எழுதப் போவதில்லை. அது உங்களுக்குப் பழகிவிடும். நோயாளி வீட்டுக்குப் போன பிறகு கோப்பு எங்களிடம் வரும். டொக்டர் எழுதியதை வாசித்து அந்த நோய்க்குரிய எழுத்தையும் இலக்கத்தையும் போட வேண்டும், அவ்வளவுதான். இப்போது கணினியே மூன்று நான்கைக் காட்டி எது வேண்டும் என்று கேட்கிறதாம். நல்லது. இருபத்தொன்பது வருடம் இந்த வேலை செய்தேன். நோயாளிகளின் முகத்தைப் பார்க்காமல் செய்கிற வேலை என்பதுதான் எனக்கு அதில் பிடித்திருந்தது. மனிதரோடு கதைத்துக்கொண்டிருக்க எனக்கு ஒருநாளும் பொறுமை இருந்ததில்லை.

அப்படி இருந்தவள் ஒரு முகத்தை மட்டும் மறக்க முடியாமல் இருக்கிறேன். அதைத்தான் எழுதுகிறேன். அவளைச் சுகந்தி என்று வைத்துக்கொள்வோம்.

அதற்கு முன் ஒரு தட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். எங்கள் அறையில் ஜன்னலோரமாக ஒரு இரும்புத் தட்டு இருந்தது. அதைத் ‘தொங்கல்’ என்போம். பரிசோதனை முடிவு வராத கோப்புகள் அதில்தான் கிடக்கும். முடிவு வந்ததும் எடுத்துக் குறியீடு போடுவோம். ஒழுங்கான ஏற்பாடுதான். ஆனால் மாதக் கடைசியில் நிர்வாகம் எல்லோருடைய பெயரையும் வெள்ளைப் பலகையில் எழுதி, யார் யாருக்கு எத்தனை கோப்பு தொங்குகிறது என்று பக்கத்தில் போடும். மற்றவர்களுக்கு ஆறு, ஒன்பது, பன்னிரண்டு என்று இருக்கும். எனக்கு எப்போதும் பூச்சியம். அந்தப் பூச்சியத்தில் எனக்கு எவ்வளவு பெருமை தெரியுமா? பலகைக்கு முன்னால் தேநீர்க் கோப்பையோடு நின்று அதைப் பார்த்திருக்கிறேன். இப்போது நினைத்தால் வெட்கமாக இருக்கிறது.

ஒரு மாதத்தின் கடைசி வேலை நாள். பின்னேரம் மூன்றரை மணியிருக்கும். தொங்கலில் என்னுடையது ஒரே ஒரு கோப்புத்தான். இருபத்தேழு வயதுப் பெண், ஜிந்துப்பிட்டி. வலது முழங்கால் ஒரு வருடத்துக்கு மேலாக வீங்கி வீங்கி வற்றுகிறது. ஊசி போட்டு எடுத்த நீர் கபில நிறமாக வந்திருக்கிறது. மூட்டுக்கு உள்ளே ஒரு மெல்லிய சவ்வு உண்டு, அது தடித்துப் போயிருக்கிறது என்று ஸ்கேன் சொல்லியிருந்தது. சத்திரசிகிச்சை டொக்டர் சிறு துளை போட்டுப் பார்த்து, சவ்வில் ஒரு துண்டை வெட்டிப் பயொப்சிக்கு அனுப்பிவிட்டு, மூட்டில் காசநோயாக இருக்கலாம் என்று சந்தேகம் எழுதி, வீட்டுக்கு விட்டிருந்தார். முடிவு வந்ததும் கிளினிக்குக்கு வரச் சொல்லியிருந்தார்.

ஆய்வுகூடத்துக்குப் போன் எடுத்தேன்.

“திங்கட்கிழமை தருவம் மிஸ்” என்றார்கள்.

“இண்டைக்கு வாய்மொழியாவது சொல்லேலாதோ?”

“டொக்டர் இன்னும் பாக்கேல்ல மிஸ். திங்கட்கிழமை.”

போனை வைத்துவிட்டுப் பலகையைப் பார்த்தேன். பூச்சியம் ஒன்றாகப் போகிறது. எங்கள் புத்தகத்தில் ஒரு விதி இருக்கிறது, நீங்களும் படித்திருப்பீர்கள்: சிகிச்சை முடிந்த பிறகும் நோய் சந்தேகமாகவே நின்றால், வேறு தகவல் இல்லாவிட்டால், அதை உறுதியான நோயாகவே குறிக்கலாம். விதி என் பக்கம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். வேறு தகவல் இல்லையாம்! தகவல் இரண்டு மாடி கீழே கண்ணாடித் துண்டில் காய்ந்துகொண்டிருக்கிறது. எனக்கு அது நன்றாகத் தெரியும். தெரிந்துகொண்டே எலும்பு மூட்டுக் காசநோய்க்கான A18.0 என்பதைப் போட்டேன். பலகையில் பூச்சியம் வந்தது. ஐந்து மணி பஸ்ஸைப் பிடித்து வீட்டுக்கும் போய்விட்டேன்.

திங்கட்கிழமை முடிவு வந்தது. காசநோய் இல்லை. சவ்வு தானே தடித்து வளர்ந்து, உள்ளே இரத்தம் கசிந்து நிறம் மாறுகிற வருத்தம் அது. எங்கள் புத்தகத்தில் M12.2. ஒருவரிடமிருந்து இன்னொருவருக்குத் தொற்றுகிற சாதியே இல்லை. அந்தத் தாளைக் கோப்பில் குத்திவிட்டார்கள். குறியீடு போட்ட கோப்பு திரும்ப எங்கள் மேசைக்கு வராது. அது பழைய கோப்புகளை அடுக்கும் றாக்கைக்குப் போய்விட்டது.

இன்னொரு தாளும் போயிருந்தது. எங்கள் வைத்தியசாலையில் மாத முடிவில் தொற்றுநோய்க் குறியீடுகளை மட்டும் தனியாகப் பட்டியல் எடுத்து, முத்திரை குத்தி, சுகாதார அலுவலகத்துக்கு அனுப்புவது வழக்கம். அந்த மாதப் பட்டியலில் அவளுடைய பெயரும் விலாசமும் இருந்தன.

மூன்று கிழமைக்குப் பிறகு கவுண்டரில் யாரோ கோப்பு விசயமாக வந்திருக்கிறார்கள் என்று சொன்னார்கள். போனேன். பச்சைச் சல்வாரோடு மெலிந்த ஒரு பெண். வலது காலை மடிக்காமல் நீட்டி வைத்துக்கொண்டு மர வாங்கின் ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள். என்னைக் கண்டதும் எழும்பப் பார்த்தாள்.

“இரும் பிள்ளை, இரும். என்ன விசயம்?”

“மிஸ், நான் சுகந்தி. என் முழங்கால் ஆப்பரேசன் இங்கதான் செஞ்சாங்க. டொக்டர் டீபி இல்லன்னு சொல்லிட்டாரு. ரிப்போட்டும் குடுத்தாரு.” கையிலிருந்த தாளை நீட்டினாள். “ஆனா வீட்டுக்கு பீஎச்ஐ மாத்தயா வந்துட்டாரு மிஸ்.”

பீஎச்ஐ, அதாவது பொதுச் சுகாதாரப் பரிசோதகர், மோட்டார் சைக்கிளில் ஒழுங்கைக்குள் வந்து, சுகந்தி வீடு எது என்று முன்வீட்டில் கேட்டிருக்கிறார். எதற்கு என்று அவர்கள் கேட்க, டீபி விசயமாக என்று சொல்லிவிட்டார். கெட்ட மனிதர் இல்லை. அவருக்கு அது பத்தோடு பதினொன்று. அவள் ரிப்போர்ட்டைக் காட்டியிருக்கிறாள். அவர் வாசித்துவிட்டு, “லிஸ்ட் எகே நம தியெனவனே நங்கி” என்று சிங்களத்தில் சொல்லியிருக்கிறார். பட்டியலில் பெயர் இருக்கிறதே தங்கச்சி, அனுப்பிய வைத்தியசாலையே பிழையென்று எழுதித் தந்தால்தான் நான் வெட்டலாம் என்று விளங்கப்படுத்தியும் இருக்கிறார்.

ஜிந்துப்பிட்டி ஒழுங்கைகளை நீங்கள் கண்டிருப்பீர்கள். ஒரு வீட்டில் தாளிக்கிற மணம் அடுத்த ஐந்து வீட்டுக்குப் போகும். முன்வீட்டுப் பிள்ளை போகிற அதே முன்பள்ளியில்தான் சுகந்தி உதவி ஆசிரியை. கொட்டாஞ்சேனையில், ஒரு வீட்டின் கீழ்த்தளத்தில் நடக்கிற சின்னப் பள்ளி. அன்று பின்னேரமே தாய்மாரின் வாட்ஸ்அப்பில் செய்தி ஓடிவிட்டது.

“நேர்சரி நடத்துற டீச்சர் என்னைய லீவுல நிக்கச் சொல்லிட்டாங்க மிஸ். டீபி இல்லன்னு ஆஸ்பத்திரி லெட்டர் கொண்டு வந்தா வரலாமாம். அஞ்சு வருசமா அங்கதான் மிஸ் இருக்கேன்.”

அந்த இடத்தில் நான் என்ன செய்தேன் என்று கேளுங்கள். ஐயோ பாவம் என்று நினைத்தேனா? இல்லை. எவனோ ஒருத்தன் பிழை விட்டிருக்கிறான், இன்றைக்குப் பிடித்துக் கிழிக்கிறேன் என்று நினைத்துக்கொண்டு உள்ளே போனேன். கணினியில் கோப்பைத் திறந்தேன். குறியீடு போட்டவர் என்ற இடத்தில் என் பெயரின் இரண்டு எழுத்து. சுற்றிப் பார்த்தேன். யாரும் கவனிக்கவில்லை. A18.0ஐ அழித்து M12.2 என்று போட்டேன். ஒரு நிமிடம் கூடச் செல்லவில்லை. திரும்பக் கவுண்டருக்கு வந்தேன்.

“நான் மாத்திப்போட்டன் பிள்ளை. இனிப் பிரச்சினை இல்லை. போயிட்டு வாங்கோ.”

“லெட்டர், மிஸ்?”

“அதெல்லாம் தேவைப்படாது. சிஸ்டத்தில சரியாப் போச்சுது.”

அவள் கும்பிட்டுவிட்டுப் போனாள். பிழை விட்டவளையே கும்பிட்டுவிட்டுப் போனாள் பாருங்கள்.

சிஸ்டத்தில் சரியானால் உலகத்தில் சரியாகிவிடுமா? போன பட்டியல் கடதாசிப் பட்டியல். அது சுகாதார அலுவலகத்தில் கோப்பில் கிடக்கிறது. எனக்கு அது தெரியாதா? தெரியும். அன்றைக்கு அவளை என் கண்முன்னால் இருந்து அனுப்பிவிட வேண்டும், அதுதான் எனக்கு அவசரம். உங்களுக்கும் அந்த அவசரம் வரும். வரும்போது, நீங்கள் திருத்துவது நோயாளியின் பிரச்சினையையா உங்கள் பிரச்சினையையா என்று ஒரு தடவை கேட்டுக்கொள்ளுங்கள். நான் கேட்கவில்லை.

நாலு நாளில் திரும்ப வந்தாள். ஒன்றும் நடக்கவில்லை, கடிதம் இல்லாமல் முடியாதாம் என்றாள். இந்தத் தடவை நான் எங்கள் பிரிவுப் பொறுப்பாளரிடம் போனேன். கொட்டாஞ்சேனைச் சோனகர். முஸ்லிம்கள் அண்ணனைக் கூப்பிடுவது போல எல்லோரும் ‘நானா’ என்றே கூப்பிடுவோம். இளைப்பாற இரண்டு வருடமே இருந்தது அவருக்கு. நடந்ததை ஒளிக்காமல் சொன்னேன். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், போட்டார், திரும்பவும் கழற்றித் துடைத்தார்.

“வாங்க, மேல கேப்பம்” என்று நிர்வாக அலுவலரிடம் கூட்டிக்கொண்டு போனார்.

நிர்வாக அலுவலர் முழுவதையும் கேட்டார். பிறகு ஒரே ஒரு கேள்வி கேட்டார்: “டொக்டர் சந்தேகம் என்று எழுதியிருக்கிறாரா?”

“எழுதியிருக்கிறார்.”

“அப்படியிருந்தால் போடலாம் என்று உங்கள் புத்தகத்தில் விதி இருக்கிறதா?”

“இருக்கு. ஆனா...”

“அப்போ எங்களுடைய பிழை என்று எதற்குக் கடிதம்? விதிப்படிதானே செய்திருக்கிறீர்கள். இப்போது திருத்தியும் விட்டீர்கள். பிழை என்று நாங்களே எழுதிக் கொடுத்தால் நாளைக்கு அந்தக் கடிதத்தோடு லோயர் வருவார்.”

வெளியே வந்ததும் என் மனதில் இருந்தது என்ன தெரியுமா? நிம்மதி. சத்தியமாக நிம்மதி. பெரியவர் சொல்லிவிட்டார், விதியும் என் பக்கம், கை கழுவி விடலாம். படி இறங்கும்போது நானா என் முகத்தைப் பார்த்தார்.

“என்ன புள்ள, சந்தோசமா ஈக்கிது போல” என்றார்.

அந்த மனிதரோடு அதற்குப் பிறகு இரண்டு நாள் நான் கதைக்கவேயில்லை. உண்மையைச் சொன்னால் யாருக்குத்தான் பிடிக்கும்?

சுகந்திக்கு நானே போன் எடுத்து, நிர்வாகம் மாட்டேன் என்கிறது, ரிப்போர்ட்டை முன்பள்ளியில் காட்டிப் பாரும் என்றேன். சரி மிஸ் என்றாள். குரலில் கோபம் இல்லை. கோபித்திருந்தால் நானும் பதிலுக்குக் கோபித்து முடித்திருப்பேன்.

ஒரு கிழமை கழித்து மூன்றாம் தடவையாக வந்தாள். கவுண்டருக்கு வரவில்லை. நான் சாப்பாட்டு நேரம் வெளியே வரும்போது வாசலில் நின்றாள். காலைப் பார்த்தேன், முந்தியதைவிட வீக்கம் கூடியிருந்தது. பக்கத்து தேநீர்க் கடையில் இருத்தி ஒரு பிளேன்ரீ வாங்கிக் கொடுத்தேன்.

“ரிப்போட்டைக் காட்டினேன் மிஸ். டீச்சருக்கு வெளங்குது. அவங்க நல்லவங்க. ஆனா அம்மாமாருங்க, ஆஸ்பத்திரியே டீபின்னு எழுதி அனுப்பியிருக்கு, இந்தப் பேப்பரை யாரு நம்புறதுன்னு சொல்றாங்க. மாத்தி எடுத்துட்டு வந்திருக்கேன்னு ஒருத்தங்க சொன்னாங்க.”

நான் தேநீரைக் கலக்கிக்கொண்டேயிருந்தேன்.

“நேத்து ரோட்டுல எங்க நேர்சரி சின்னவன் ஒருத்தன் அவங்க அம்மா கூட வந்தான் மிஸ். என்னையக் கண்டா ஓடி வந்து காலைக் கட்டிப் பிடிப்பான். நேத்தும் ஓடி வந்தான். அவங்க அம்மா கையைப் பிடிச்சு இழுத்துட்டாங்க. இழுத்த இழுவையில அவன் விழுந்துட்டான். நான் தூக்கல மிஸ். தூக்கினா இன்னும் பேசுவாங்கன்னு பயந்து, பாத்துக்கிட்டு நின்னேன்.”

அப்போதுதான் அவள் அழுதாள். மூன்று தடவை வந்தவள் தனக்காக அழவில்லை. விழுந்த பிள்ளையைத் தூக்காமல் நின்றதற்காக அழுதாள். இருபத்திரண்டு வருடம் நோய்களுக்கு இலக்கம் போட்டிருக்கிறேன், அன்றைக்கு வரைக்கும் அந்த இலக்கத்துக்கு ஒரு ஆள் இருக்கிறார் என்று எனக்கு உறைக்கவில்லை. வாயால் சொல்லியிருப்பேன். பயிற்சி வகுப்பில் வாய் கிழியச் சொல்லியிருப்பேன். உறைக்கவில்லை.

“பிள்ளை, அந்த நோயை எழுதினது நான்தான்” என்றேன்.

அவள் விளங்காமல் பார்த்தாள்.

“டொக்டர் இல்லை. கம்ப்யூட்டர் இல்லை. நான். உம்மட ரிப்போட் வர முதல், என்ட வேலையை முடிக்கிறதுக்காக எழுதினனான்.”

திட்டுவாள் என்று பார்த்தேன். கண்ணைத் துடைத்துவிட்டு, “அப்ப நீங்க லெட்டர் தரலாம்தானே மிஸ்” என்றாள். அவளுக்கு வேண்டியது அதுதான். என்னை மன்னிப்பதோ மன்னிக்காமல் விடுவதோ அவளுக்கு ஒரு பொருட்டாகவே இல்லை.

மேசைக்குப் போய்க் கையால் எழுதினேன். தட்டச்சுச் செய்தால் மனம் மாறிவிடும் என்று பயம். இன்ன நோயாளிக்குப் பயொப்சி முடிவு வர முன்னர் காசநோய்க் குறியீடு இட்டது நான், முடிவின்படி அவருக்குக் காசநோய் இல்லை, பட்டியலில் இருந்து பெயரை நீக்கவும் என்று எழுதி, பெயரும் பதவியும் போட்டுக் கையொப்பம் இட்டேன். ஆனால் முத்திரை இல்லாத கடிதத்தை யார் எடுப்பார்கள்? முத்திரை நானாவின் மேசை லாச்சியில்.

கடிதத்தைக் கொண்டுபோய் அவர் முன்னால் வைத்தேன். வாசித்தார். மேலே பார்க்கவில்லை.

“இதுக்கு நான் முத்திர அடிக்க ஏலா புள்ள. மேலேந்து செல்லிட்டாங்க.”

“தெரியும் நானா.”

எழும்பித் தொப்பியை எடுத்தார். “நான் லுஹர் தொழுதுட்டு வாரன். அரை மணித்தியாலம் செல்லும்.” கதவு வரை போய்த் திரும்பாமலே சொன்னார்: “லாச்சி பூட்டல்ல.”

வேலையில் எனக்குக் கற்றுத் தந்தவர்கள் பலர் இருக்கிறார்கள். அவரைப் போல ஒருவரும் இல்லை. பிறகு விசாரணை வந்தபோது, லாச்சியைப் பூட்டாமல் போனது தன் கவனக்குறைவு என்று அவராகவே எழுதிக் கொடுத்தார். எனக்கு எச்சரிக்கைக் கடிதம். அவருக்கும் ஒன்று. அதற்குப் பிறகு என் பெயர் எந்தப் பதவி உயர்வுப் பட்டியலிலும் வரவில்லை. அதைப் பற்றி எனக்குக் குறையில்லை என்று சொன்னால் பொய். குறைதான். மாதக் கடைசிகளில் இன்றைக்கும் நினைத்து எரிச்சல் வரும். ஆனால் வைத்தியசாலை அந்தக் கடிதத்தால் இடிந்து விழவில்லை. லோயரும் வரவில்லை.

பரிசோதகர் கடிதத்தைப் பார்த்த அன்றைக்கே பெயரை வெட்டிவிட்டார். எனக்குப் போன் எடுத்து நன்றியும் சொன்னார். முன்பள்ளி டீச்சரும் எடுத்தார்.

“எனக்குச் சரி மிஸ். திங்கட்கிழமையில இருந்து வரச் சொல்லலாம். ஆனா அம்மாமார் கேக்க மாட்டம் எண்டு நிக்கினம். பதினெட்டுப் பிள்ளையள்தான் இருக்கு எனக்கு. பாதிப் பேர் வராமல் நிண்டா நான் இழுத்து மூட வேண்டியதுதான். நீங்கள் ஒருக்கா நேரில வந்து சொல்லுவீங்களே?”

மனிதரோடு கதைக்கப் பொறுமையில்லாதவளுக்கு இதைவிடத் தண்டனை வேண்டுமா? அரை நாள் லீவு போட்டேன். வெள்ளவத்தையில் ஏறி, கோட்டையில் இறங்கி மாறி, கொட்டாஞ்சேனைக்குப் போனேன். பதினொன்றரை மணி வெயில். பிள்ளைகளைக் கூட்டிப் போகத் தாய்மார் கேற்றடியில் நின்றார்கள், ஒரு பதினைந்து பேர். குடை பிடித்தவர்கள், கைக்குழந்தையோடு நின்றவர்கள், ஓட்டோவை நிறுத்திவிட்டு நின்ற ஒரு தகப்பன். சுகந்தி மதிலோரமாகத் தள்ளி நின்றாள்.

டீச்சர் என்னை அறிமுகப்படுத்தினார். நான் கடிதத்தை வாசித்தேன். பிறகு மடித்து வைத்துவிட்டுச் சாதாரணமாகச் சொன்னேன். இந்தப் பிள்ளைக்கு இருப்பது முழங்காலுக்குள் இருக்கிற சவ்வில் வருகிற வருத்தம், தொற்றாது. காசநோய் என்று எழுதியது நான், என் பிழை, அவசரத்தில் செய்தது. உங்களில் யாருக்காவது கோபம் இருந்தால் என்னோடு கோபியுங்கள் என்றேன். சத்தமாகத்தான் சொன்னேன். சொல்லச் சொல்ல முகங்கள் இளகுவது தெரிந்தது. குடை பிடித்த ஒரு அம்மா சுகந்தியைப் பார்த்து, “சொல்லக் கூடாதா புள்ள” என்று கூடச் சொன்னார். அவள் எத்தனை தடவை சொல்லியிருப்பாள்! ஆனாலும் பரவாயில்லை, கரைக்கு வந்துவிட்டோம் என்று நினைத்தேன்.

கைக்குழந்தையோடு நின்ற ஒரு பெண் முன்னால் வந்தாள். சண்டை பிடிக்க வந்தவள் இல்லை. மரியாதையாகத்தான் கேட்டாள்.

“மிஸ், ஒண்ணு கேக்கவா? உங்க புள்ளையா இருந்தா இவங்ககிட்ட விடுவீங்களா?”

விடுவேன். அதுதான் பதில். ரிப்போர்ட்டை என் கண்ணால் பார்த்தவள் நான். அந்த இலக்கத்தை என் கையால் பிழையாகப் போட்டு, என் கையால் திருத்தியவள். அங்கே நின்ற எல்லோரையும்விட எனக்குத்தான் நிச்சயமாகத் தெரியும்.

எனக்கு வாய் வரவில்லை. எவ்வளவு நேரம் என்று தெரியாது. இரண்டு செக்கன் இருக்கலாம், மூன்று இருக்கலாம். என் மகன் சின்ன வயதில் இருமியது, நான் இரவிரவாக விழித்திருந்தது, எதுவோ ஒன்று குறுக்கே வந்து நின்றது. பிறகு, “கட்டாயம் விடுவன்” என்றேன். நல்ல பலமாகவும் சொன்னேன்.

அந்தப் பெண் தலையை ஆட்டினாள். “சரி மிஸ்” என்றாள். அவ்வளவு மரியாதையாகச் சொன்னாள். பிறகு உள்ளே போய்த் தன் மகளைக் கையில் பிடித்துக் கூட்டிக்கொண்டு, சுகந்தி நின்ற பக்கமாக வராமல் மற்றப் பக்கத்தால் போனாள். அவளுக்குப் பின்னால் ஒவ்வொருவராகப் போனார்கள். திங்கட்கிழமை ஐந்து பிள்ளைகள்தான் வந்தார்கள் என்று டீச்சர் பிறகு சொன்னார். அடுத்த கிழமை சுகந்தி தானாகவே வேலையை விட்டு நின்றுகொண்டாள். இப்போது வத்தளைப் பக்கம் ஒரு தையல் தொழிற்சாலையில் இருக்கிறாள் என்று கேள்வி. சவ்வை வெட்டி எடுத்துவிட்டார்கள், கால் சுகமாம்.

உங்கள் எழுத்து கட்டடத்தை விட்டு வெளியே போனால் பிறகு அது உங்களுக்கும் கட்டுப்படாது. எனக்கே கட்டுப்படவில்லை. வேறென்ன சொல்ல? தொங்குகிற கோப்பு தொங்கட்டும்.

அன்றைக்குக் கேற்றடி வெறுமையான பிறகு நாங்கள் இரண்டு பேரும் பஸ் நிறுத்தம் வரை நடந்தோம். அவளால் வேகமாக நடக்க முடியாது. நான் குடையை அவள் பக்கமாகப் பிடித்துக்கொண்டேன். பாதி வழியில் என்னைப் பார்க்காமல் கேட்டாள்.

“மிஸ், அவங்க கேட்டப்ப நீங்களும் யோசிச்சீங்கதானே?”

“ஓம்” என்றேன். அதையாவது யோசிக்காமல் சொன்னேன்.